சவரிமுத்துவுக்கு நின்ற பிணை

வங்கியிலிருந்து வந்த மதிப்பீட்டாளர் எங்கள் வீட்டுக் கதவு நிலைகளை விரல் மடக்கித் தட்டிக்கொண்டே வந்தார். ஒவ்வொரு நிலைக்கும் மூன்று தட்டு. தட்டிவிட்டுத் தலையைச் சாய்த்துக் கேட்பார். பிறகு கையிலிருந்த அட்டையில் ஏதோ எழுதுவார்.

அது ஒரு சனிக்கிழமை காலை. ஹட்டனில் அந்த வாரம் முழுவதும் அடித்த மழை அன்றைக்கு மட்டும் ஓய்ந்து, கூரைத் தகரத்தின் விளிம்பிலிருந்து சொட்டிக்கொண்டிருந்தது. மதிப்பீட்டாளர் சிங்களவர், மெல்லப் பேசுகிறவர். சேறான சப்பாத்துகளை வாசலிலேயே கழற்றி வைத்துவிட்டு வந்தார். அந்த மரியாதை எனக்கு என்னவோ செய்தது. பறிக்க வருகிறவர் சப்பாத்தோடு வந்திருந்தால் கோபப்படவாவது முடிந்திருக்கும்.

கடைசியாகச் சமையலறைக்குப் போனார். அடுப்பு மேடைக்குக் கீழே அளவு நாடாவைப் பிடித்து இழுத்தார். நெற்றியைச் சுருக்கினார். இன்னொரு முறை அளந்தார்.

"உயரம் போதாது," என்றார் தமிழில், என் மனைவி எஸ்தரைப் பார்த்து.

"எனக்குச் சரியா இருக்குங்க," என்றாள் எஸ்தர்.

அவர் அவளையும் பார்த்தார், மேடையையும் பார்த்தார். விளங்கியிருக்க வேண்டும். ஆனாலும் எழுதிக்கொண்டார். பின்னால் அறிக்கையின் பிரதி எனக்குக் கிடைத்தது. சமையல் மேடை வழக்கமான உயரத்தில் இல்லை, இடித்துக் கட்ட வேண்டிவரும் என்று குறைகளின் கீழே முதல் வரியாக இருந்தது.

எஸ்தர் கொடுத்த வெறுந்தேத்தண்ணீரைக் குடித்துவிட்டு, நன்றி சொல்லி, சப்பாத்தை மாட்டிக்கொண்டு அவர் இறங்கிப் போனார்.

என் டயரியின் அன்றைய பக்கத்தில், "மதிப்பீட்டாளர் வந்தார். ஒன்றேகால் மணி நேரம். மழை இல்லை" என்று மட்டும் இருக்கிறது. தேதியும் இருக்கிறது, ஆனால் இங்கே எழுதப்போவதில்லை. சம்பந்தப்பட்டவர்கள் லிந்துலையிலும் ஹட்டனிலும் இன்னும் நடமாடுகிறார்கள்.

பதினான்கு பேர்ச்

அந்த வீடு நின்றது பதினான்கு பேர்ச் நிலத்தில். ஸ்டேசனுக்கு மேலே ஏறுகிற பாதையில், சரிவை வெட்டி மட்டமாக்கிய ஒரு துண்டு. முன்னறை ஒன்று, படுக்கையறை இரண்டு, சமையலறை. கட்டி முடிக்க ஆறு வருடம் ஆனது; முடிந்த பிறகும் விடுமுறைகளில்தான் போய்த் தங்குவோம். கொஞ்சம் பணம் சேர்ந்ததும் ஒரு சுவர் எழும்பும். பிறகு அடுத்த போனஸ் வரைக்கும் அது மழையில் நனைந்துகொண்டிருக்கும்.

நான் லிந்துலைக்குப் பக்கத்துத் தோட்டமொன்றில் பெரிய கிளாக்கர். தோட்டத்தில் எங்களுக்குக் குவாட்டர்ஸ் உண்டு. நல்ல வீடுதான். ஆனால் வேலை இருக்கும்வரைக்கும்தான் அது வீடு. ஓய்வு பெற்றால் ஒரு மாதத்தில் காலி செய்ய வேண்டும்.

என் அப்பா அதே தோட்டத்தில் கணக்கப்பிள்ளையாக இருந்தவர். அவர் ஓய்வு பெற்றபோது எங்களுக்கென்று எங்கேயும் கையளவு நிலம் கிடையாது. பட்டிப்பொலையில் ரயில்வேயில் வேலை செய்த உறவினர் ஒருவர் தம் வீட்டுப் பின்புறத்தில் தடுத்துக் கொடுத்த இடத்தில்தான் அப்பாவின் கடைசி இரண்டு வருடங்கள் போயின. அந்தக் குளிரில், இன்னொருவர் வீட்டு விறகை எரிக்கக் கூச்சப்பட்டு, கம்பளிக்குள் சுருண்டு இருமிக்கொண்டே கிடந்தார். விறகு கேட்டால் அவர்கள் கொடுத்திருப்பார்கள். அப்பா கேட்கவில்லை.

ஆகவே ஓய்வு பெறும் நாளில் எனக்கும் எஸ்தருக்கும் சொந்தமாக ஒரு கதவு இருக்க வேண்டும் என்பதைத் தவிர எனக்கு வேறு பெரிய திட்டம் எதுவும் இருந்ததில்லை.

அடுப்பு மேடையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். எஸ்தர் குள்ளம். குவாட்டர்ஸ் அடுப்படியை யாருடைய உயரத்துக்குக் கட்டினார்களோ தெரியாது. இருபது வருடமும் அவள் கவிழ்த்துப்போட்ட தேயிலைப் பெட்டியின் மேல் நின்றுதான் சமைத்தாள். ஹட்டன் வீட்டைக் கட்டியபோது மேசன் பாஸ் அவளைச் சுவரோரமாக நிறுத்தி, முழங்கைக்குக் கீழே கரித்துண்டால் கோடு கிழித்தார். அந்தக் கோட்டில்தான் மேடை.

நெருப்புக்காரன்

சவரிமுத்துவும் நானும் தோட்டத் தொழிலாளர் குடியிருப்பில், ஒரே லயத்தில், சுவருக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாகப் பிறந்தவர்கள். அப்பா கணக்கப்பிள்ளையானது அதற்குப் பிறகுதான். நாங்கள் புரொட்டஸ்டன்ட், அவர்கள் கத்தோலிக்கர். ஞாயிற்றுக்கிழமை காலையில் ஆளுக்கொரு பக்கம் போய்விட்டுப் பத்து மணிக்கு மேல் ஒன்றாகச் சேர்வோம்.

நான் ஆபீசுக்குப் போனேன். அவன் தேயிலைத் தொழிற்சாலையில் அடுப்பு எரிக்கப் போனான். தேயிலை காய வைக்கும் இயந்திரத்துக்கு விறகு போட்டுச் சூடு ஏற்றுகிற வேலை. வெப்பமானியைப் பார்க்காமலே சூட்டைச் சொல்வான். டீமேக்கர் சோதித்துப் பார்த்து ஓரிரு பாகை வித்தியாசத்தில் சரியாக இருக்கக் கண்டு சிரிப்பார்.

ஒருநாள் வேலையை விட்டுவிட்டு லிந்துலைக் கடைத்தெருவில் சின்னதாக ஒரு பேக்கரி போட்டான். பழைய ஆள் ஒருவரிடமிருந்து நிலத்தில் அவருக்கிருந்த பங்கை வாங்கி, களிமண்ணும் செங்கல்லும் வைத்துப் பாண் சுடும் போறணை கட்டினான். பின்னால் இரண்டு அறைகளில் குடியிருப்பு. மனைவி பிலோமினா, இரண்டு பெண்பிள்ளைகள்.

சவரிமுத்துவின் பாண் நன்றாக இருக்கும். மேல்தோல் சற்றுக் கருகி, உள்ளே பஞ்சாக. மாலை நாலரை பஸ்ஸில் அது தோட்டங்களுக்கு ஏறும். ஞாயிற்றுக்கிழமைகளில் நான் போனால் எஸ்தருக்கென்று கருகின முனைப் பாணாகப் பார்த்து எடுத்து வைப்பான். பிலோமினா என்னை அண்ணே என்று கூப்பிடுவாள். அவள் அண்ணன் மன்னாருக்குப் போய் இந்தியாவுக்குக் கப்பலேறியவர், திரும்பி வரவில்லை. அந்த இடத்தில் நான் இருந்தேன் என்று நினைக்கிறேன்.

பெயர் மட்டும்

பெரிய போறணையும் ஒரு பழைய வேனும் வேண்டுமென்று சவரிமுத்து வங்கிக்குப் போனான். பேக்கரியை ஈடாக எழுதித் தருவதாகச் சொன்னான். வங்கி அதற்கு மேல் ஒரு பிணையாளியும் கேட்டது. மாதச் சம்பளக்காரராக, பிரஜாவுரிமை உள்ளவராக, சொந்தச் சொத்து உள்ளவராக இருக்க வேண்டும்.

எனக்குப் பிரஜாவுரிமைப் பத்திரம் வந்து இரண்டு வருடமாகியிருந்தது. சவரிமுத்துவின் மனு எங்கேயோ கிடந்தது. இங்கேயே பிறந்தவன் என்று நிரூபிக்க அவனிடம் ஞானஸ்நானப் பதிவு இருந்தது. அது போதாது என்று இரண்டு முறை திருப்பியிருந்தார்கள். எங்கள் ஆட்களில் பத்திரம் கையில் உள்ளவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். கையெழுத்து என்றால் எல்லாரும் எங்களிடம்தான் வருவார்கள். வருகிறவர்களுக்கெல்லாம் போட்டுக் கொடுப்பது ஒரு கடமை போல் ஆகியிருந்தது.

அவன் குவாட்டர்ஸுக்கு வந்து சமையலறை வாசலில் நின்று கேட்டான்.

"ஒன் பேருதான் கேக்குறாங்க கிளாக்கரே. காசு கேக்கல."

"பேரு மட்டுந்தானா?" என்று உள்ளேயிருந்து எஸ்தர் கேட்டாள்.

"பேரு மட்டுந்தான் தங்கச்சி. அவன் பேருல அப்படி என்ன இருக்கோ, தெரியல. நமக்கெல்லாம் சவரிமுத்துன்னா பேங்குல கதவக்கூட தொறக்க மாட்டேங்கிறான்."

எஸ்தர் சிரித்துவிட்டாள். நானும் சிரித்தேன்.

பென்சில் குறிகள்

இனி எழுதப்போவது எனக்குப் பெருமை தராத பகுதி.

தோட்டத்து ஆபீசில் ஒரு வழக்கம் உண்டு. தோட்ட நிர்வாகியான பெரிய துரை கையெழுத்திட வேண்டிய தாள்களை நான்தான் அடுக்கி வைப்பேன். வேலை வருகைப் பதிவான செக்ரோல், சம்பளப் பட்டியல், கொழும்புக்குப் போகும் கடிதங்கள் என்று ஒரு நாளைக்கு நாற்பது தாளாவது வரும். கையெழுத்து விழ வேண்டிய இடத்தில் பென்சிலால் சின்னதாக ஒரு பெருக்கல் குறி போடுவேன். துரை வாசிப்பதில்லை. குறி எங்கேயோ பேனா அங்கே. நான் குறி போட்டால் அந்தத் தாளை நான் வரிவரியாகச் சரிபார்த்துவிட்டேன் என்று அர்த்தம். அதுவரையான இருபத்தைந்து வருடத்தில் மூன்று துரைமார் என் குறியை நம்பிக் கையெழுத்திட்டிருக்கிறார்கள். ஒரு தாள்கூடப் பிசகியதில்லை.

வங்கிக்குப் போன அன்று எங்களை மேனேஜரின் அறைக்குள் உட்காரவைத்தார்கள். மெத்தை வைத்த நாற்காலி. யாழ்ப்பாணத்து இளைஞர் ஒருவர், வங்கிக் கிளாக்கர், தாள்களைக் கொண்டுவந்து என் முன்னால் விரித்தார். என் வீட்டு உறுதிப் பத்திரத்தையும் கேட்டார். கொண்டுபோயிருந்தேன். பேக்கரிதான் ஈடு, என் வீடு அதற்குப் பின்னால் சும்மா ஒரு பலத்துக்கு நிற்கும் என்று எனக்கு நானே விளங்கப்படுத்திக்கொண்டிருந்தேன். முன்னால் பேக்கரி, பின்னால் வீடு. கடன் கெட்டால் முன்னால் இருப்பதைத்தானே முதலில் எடுப்பார்கள்.

தாள்களில் பென்சில் குறிகள் இருந்தன. நான் போடுவது போலவே சின்னதாக, சுத்தமாக, கோட்டுக்குச் சற்று மேலே.

"இதில ஒருக்கா, இதில ஒருக்கா," என்று அந்த இளைஞர் தாள்களைத் திருப்பிக்கொண்டே போனார்.

மூன்று பக்கம் வாசித்தேன். நாலாவது பக்கத்தில் ஆங்கிலத்தோடு வேறு ஏதோ பழைய பாஷைச் சொற்களும் கலந்து வந்தன. மேனேஜர் கடிகாரத்தைப் பார்த்தார். எனக்குக் குறி போட்டுத் தந்திருக்கிறார்கள், என்னைத் துரை மாதிரி நடத்துகிறார்கள் என்கிற நினைப்பு உள்ளுக்குள் இனித்தது. மறைக்காமல் எழுதுகிறேன். குறி இருந்த இடத்திலெல்லாம் கையெழுத்திட்டேன். குறி போட்டவர் எனக்காகச் சரிபார்த்தவர் அல்ல, வங்கிக்காகச் சரிபார்த்தவர் என்பது அப்போது தோன்றவே இல்லை.

வெளியே வந்து மூன்று பேருமாக, பிலோமினாவும் வந்திருந்தாள், ஒரு கடையில் தோசை சாப்பிட்டோம்.

உறுதியைக் கொடுத்துவிட்டு வந்ததை எஸ்தரிடம் சொல்லவில்லை. டயரியில் "வங்கி வேலை முடிந்தது" என்று மட்டும் எழுதினேன்.

ஏழு தவணை

மூன்று வருடம் பேக்கரி நன்றாகத்தான் ஓடியது. பிறகு ஒரு மழைக்காலத்தில் லிந்துலைப் பாதையில் மண் சரிந்து வாரக்கணக்கில் பஸ் ஓடவில்லை. வேன் இரண்டு முறை உடைந்தது. கடனுக்குப் பாண் வாங்கிய தோட்டத்து ஆட்களில் சிலர் இந்தியாவுக்கே போய்விட்டார்கள். ஆனாலும் ஞாயிற்றுக்கிழமைகளில் நான் போனபோதெல்லாம் சவரிமுத்து சிரித்த முகமாகத்தான் இருந்தான். முனைப் பாணும் எடுத்து வைத்தான். ஒரு வார்த்தை சொல்லவில்லை.

ஒரு விடியற்காலையில் போறணைக்கு முன்னால் விறகோடு சாய்ந்துவிட்டான். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியிலேயே உயிர் போனது. இருதயம் என்றார்கள். அடக்கத்துக்கு லிந்துலைக் கடைத்தெரு முழுவதும் வந்தது. குழியில் மண் போட்டபோது என் கையில் மாவு வாசனை அடித்தது. அவன் உடம்பைத் தூக்கிய கை.

முப்பதாம் நாள் பூசை முடிந்த மறுவாரம் வங்கியின் கடிதம் வந்தது. ஏழு தவணை பாக்கி. மொத்தக் கடனையும் வட்டியோடு பிணையாளி தீர்க்க வேண்டும், தவறினால் ஈடு வைத்த என் வீட்டின் மேல் நடவடிக்கை.

எஸ்தரிடம் அன்றைக்குத்தான் சொன்னேன். அவள் கடிதத்தை வாங்கி, வாசிக்க முடியாத ஆங்கிலத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பேரு மட்டுந்தான்னாரு அந்த அண்ணன்," என்றாள். "சரி, அவருக்குத் தெரியாது. ஒங்களுக்குத் தெரியும்ல? துரைமாருக்கு இத்தன வருசம் பாத்துப் பாத்துக் குறி போட்டீங்க. நமக்கு ஒருநா பாத்திருக்கக் கூடாதா?"

இரவெல்லாம் விழித்துக் கிடந்தேன். சவரிமுத்துவின் மேல் கோபப்பட முயன்று பார்த்தேன். செத்தவன் மேல் கோபப்படுவது களைப்பான வேலை. கோபம் கொஞ்ச தூரம் போய்விட்டுத் திரும்பி நம்மிடமே வந்துவிடுகிறது.

ஏழாம் பந்தி

ஹட்டனில் ஒரு யாழ்ப்பாணத்து வழக்கறிஞர், புரொக்டர், இருந்தார். வயதானவர், வெற்றிலைப் பழக்கம் உள்ளவர். என் பிணைப் பத்திரத்தின் பிரதியை முழுவதும் வாசித்துவிட்டு நிமிர்ந்தார்.

"நீங்கள் ஒரு கிளாக்கர். இதை வாசிக்காமலோ ஒப்பம் வச்சனீங்கள்?"

"பாதி வாசிச்சேன்."

"மிச்சப் பாதியிலதான் எல்லாம் கிடக்கு." விரலை வைத்துக் காட்டினார். "ஏழாம் பந்தி. முதல்ல கடன்காரன்ர சொத்தை வித்து எடு, காணாட்டி என்னட்ட வா எண்டு சொல்லுற உரிமை பிணைக்காரனுக்குச் சட்டத்தில இருக்கு. அந்த உரிமை எனக்கு வேண்டாமெண்டு நீங்களே எழுதிக் குடுத்திருக்கிறியள்."

"அப்ப பேக்கரி அங்க நிக்க, நேரா என் வீட்டுக்கு வரலாமா?"

"எது லேசோ அதைப் பிடிக்கலாம். பேக்கரிக் காணி பிரிக்காத காணி, இன்னும் அஞ்சு பேருக்குப் பங்கிருக்கு. வித்து முடிக்க வருசக்கணக்காகும். உங்கட வீடு துப்பரவான உறுதி. நான் மனேஜரெண்டாலும் உங்கட வீட்டைத்தான் பிடிப்பன்."

வழி ஏதும் இல்லையா என்று கேட்டேன். வழக்காடலாம், தோற்கலாம், வழக்குச் செலவும் சேரும் என்றார். பிறகு கோர்ட்டிலிருந்து பிஸ்கால் வந்து ஏலம் போடுவார்.

எழுந்தபோது பணம் எடுத்தேன். வாங்கவில்லை. "அடுத்தமுறை கையெழுத்துக்கு முந்தி வாங்கோ. அப்ப வாங்கிறன்," என்றார்.

வங்கி மேனேஜரும் மாறியிருந்தார். புதியவர் என் பேச்சைப் பொறுமையாகக் கேட்டார். விதவையின் கடையை விற்கச் சொல்கிறீர்களா என்று ஆங்கிலத்தில் கேட்டார். அப்படி இல்லை என்றேன். அப்படியானால் வேறு என்ன சொல்கிறீர்கள் என்றார். அவருடைய நியாயமும் பிழையில்லை. இரண்டு சொத்தில் ஒன்று போயே ஆக வேண்டும். எதைச் சொன்னாலும் ஒரு வீடு. நானாகவே விற்றுக் கட்டுவதானால் மூன்று மாதம் பொறுப்பதாகவும், விலை கடனுக்குக் காணுமா என்று பார்க்க ஆளனுப்புவதாகவும் சொன்னார். அவர் அனுப்பிய ஆள்தான் கதவு நிலைகளைத் தட்டிப் பார்த்தவர்.

தமுக்கு

மதிப்பீட்டாளர் இறங்கிப் போன பிறகு எஸ்தர் அடுப்பு மேடையைத் துடைத்தாள். துடைக்க அங்கே ஒன்றும் இல்லை. பிறகு முன்னறைக்கு வந்தாள்.

"ஏலம்னா தமுக்கு அடிப்பாங்களாமே?"

"ஆமா. பிஸ்கால் ஏலம்னா அடிப்பாங்க."

"அடிக்க விடாதீங்க. வித்துருங்க. ஸ்டேசன்ல எறங்குற தோட்டத்துச் சனம் பூராவும் நின்னு கேக்கும்."

விற்றேன். உருளைக்கிழங்கு வியாபாரி ஒருவர் வாங்கினார். வங்கிக் கடன் தீர்ந்து கையில் மிஞ்சியது, எழுதுமளவுக்கு ஒரு தொகையே அல்ல. புதியவர் முதல் வேலையாகச் சமையல் மேடையை இடித்தார் என்று மேசன் பாஸ் வந்து சொன்னார். அவரைத்தான் கூப்பிட்டிருக்கிறார்கள்.

புரொக்டர் ஒரு காரியம் செய்தார். "கடனைக் கட்டினவுடன வங்கி நிண்ட இடத்தில நீங்கள் நிக்கிறியள். பேக்கரி ஈட்டை உங்கட பேருக்கு மாத்தி எழுதுவிக்கிறன். இதையெண்டாலும் விடாதேங்கோ," என்று சொல்லி எழுதுவித்தார். முத்திரையும் நொத்தாரிஸ் கையெழுத்துமாக ஒரு பத்திரம் என் அலுமாரிக்கு வந்தது. சவரிமுத்துவின் பேக்கரி இப்போது என்னிடம் ஈட்டில் இருந்தது. இந்த முறை கடைசி வரி வரைக்கும் வாசித்தேன்.

சாவி

ஒன்றரை வருடம் அந்தப் பத்திரத்தைத் தொடவில்லை. பிலோமினா தன்னால் முடிந்ததை அனுப்புவாள், முடியாத மாதம் அனுப்ப மாட்டாள். நான் ஞாயிற்றுக்கிழமைகளில் லிந்துலைக்குப் போவதைக் குறைத்துக்கொண்டேன். போனால் இருவருக்கும் என்ன பேசுவதென்று தெரியவில்லை.

நான் ஓய்வு பெற ஐந்து மாதம் இருந்தபோது குவாட்டர்ஸைக் காலி செய்யும் தேதி குறித்த கடிதம் வந்தது. என் கையாலேயே தட்டச்சு செய்த கடிதம். அந்தக் கடிதங்களைத் தயாரிப்பதும் என் வேலைதான்.

"அவகிட்ட கேட்டுப் பாருங்க," என்றாள் எஸ்தர். "அவ பங்க மத்த பங்குக்காரங்களுக்கே வித்துத் தரச் சொல்லுங்க. நம்ம பங்கு வந்தா ஒரு காணித் துண்டாச்சும் எடுக்கலாம். கேக்குறதுல என்ன தப்பு?"

தப்பில்லைதான். பேச வேண்டியதை நாலு குறிப்பாக ஒரு தாளில் எழுதிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன். கடையை விற்க அவள் சம்மதிக்க வேண்டும் என்பது முதல் குறிப்பு. காலி செய்ய எத்தனை நாள் கொடுக்கலாம் என்பது நாலாவது. வருவதாக ஒரு கடிதம் எழுதிப் போட்டுவிட்டு, அடுத்த சனிக்கிழமை பகல் பஸ்ஸில் போனேன்.

பேக்கரியின் முன்பலகைகள் சாத்தியிருந்தன. ஒரு பலகை மட்டும் எடுத்திருந்தது. உள்ளே நுழைந்தேன்.

தரையைக் கூட்டித் தண்ணீர் தெளித்திருந்தார்கள். இரண்டு டிரங்குப் பெட்டிகள், தையல் மிஷின், மாவுச் சாக்கில் சுற்றிக் கட்டிய மாதா படம் எல்லாம் சுவரோரமாக வரிசையாக இருந்தன. பிள்ளைகள் கோயிலுக்குப் போகும் உடுப்பில் பெட்டியின் மேல் உட்கார்ந்திருந்தார்கள். வேலையாட்கள் இருவரும் கையைக் கட்டிக்கொண்டு போறணைப் பக்கம் நின்றார்கள்.

"வாங்க ஐயா," என்றாள் பிலோமினா.

அவள் என்னை அப்படிக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

லயத்தில் பிறந்தவர்களுக்கு ஒரு கூரை கையை விட்டுப் போவதென்றால் அதற்கு ஒரே முறைதான் தெரியும். தோட்டத்தில் பத்துச்சீட்டு கொடுத்து ஒருவரை நிறுத்தினால், குறித்த நாளில் அவர்கள் தங்கள் லயத்து அறையான காம்பராவைக் கூட்டித் துடைத்துவிட்டு, சாமான்களைச் சுவரோரம் அடுக்கிவிட்டு, வாசலில் நிற்பார்கள். குப்பையோடு விட்டுப் போனால் நன்றி கெட்டவர்கள் என்று பேர் வரும். ஆபீசிலிருந்து ஆள் வரும். பூட்டையும் சாவியையும் ஒப்படைப்பார்கள். வழக்கு, வாய்தா, வாரண்டு எதுவும் கிடையாது. கூட்டின தரையும் சாவியும்தான். பத்திரம் என் பேருக்கு மாறிய செய்தியை நொத்தாரிஸ் கந்தோர்ப் பையன் எப்போதோ பாண் வாங்க வந்தபோது சொல்லியிருக்கிறான். இப்போது நான் வருவதாகக் கடிதமும் வந்துவிட்டது. வேறு எதற்கு வருவேன்?

அவள் சாவியை நீட்டினாள்.

என் கை நீண்டது. நான் நீட்டவில்லை, அதுவாக நீண்டது. முப்பது வருடமாகக் கூட்டின காம்பராக்களின் வாசலில் நின்று சாவி வாங்கிய கை. வாங்கியும்விட்டது. போறணைப் பக்கத்து ஆணியில் தொங்கியிருக்க வேண்டும், சாவி சூடாக இருந்தது.

"எங்க போவ?" என்று கேட்டேன். அதுவும் ஆபீஸ் கேள்விதான். பதிவுப் புத்தகத்தில் எழுத வேண்டும் என்பதற்காக எல்லாரிடமும் கேட்பது.

"அக்கரபத்தனையில எங்க சின்னம்மா இருக்காங்கய்யா. அவங்க காம்பராவுல ஒரு மூலை தர்றேன்னாங்க. பிள்ளைகள வச்சுக்கிட்டு... பாத்துக்குவோம்."

ஒரு மூலை என்றதும் பட்டிப்பொலை நினைவுக்கு வரவில்லை, அப்பா வரவில்லை. அப்படியெல்லாம் எழுதினால் அழகாக இருக்கும். எனக்கு வந்தது அயர்ச்சி மட்டும்தான். ஒரு கடனுக்காக இரண்டு வீடு போவது எந்தக் கணக்கு என்கிற அயர்ச்சி. சாவியை மாவு பிசையும் மேசையில் வைத்தேன்.

"போறணைய அணைச்சுட்டியா?"

"இல்லைங்கய்யா. காலையில பிசைஞ்ச மாவு இருக்கு. வீணாப் போகுமேன்னு..."

"அப்ப போடு. நாலரை பஸ் வந்துரும்."

அவள் அசையவில்லை.

"எத்தன நாளைக்குங்கய்யா?"

அந்தக் கேள்விக்கு என் சட்டைப் பையில் பதில் இருந்தது. நாலாவது குறிப்பு.

"நாள் கணக்கெல்லாம் இல்ல பிலோமினா. கடைய நடத்து. மாசாமாசம் முடிஞ்சத குடு. பெட்டிய உள்ள வை, பிள்ளைங்க எவ்வளவு நேரமா அதுமேல உக்காந்திருக்குதுங்க."

அவள் அழவில்லை, நன்றி சொல்லவில்லை. என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். வேறு எதையும் பின்னால் வைத்துக்கொண்டு சொல்கிறேனா என்று பார்த்திருப்பாள். பிறகு வேலையாட்கள் பக்கம் திரும்பிப் பலகைகளை எடுக்கச் சொன்னாள். நானும் இரண்டு பலகை தூக்கி வைத்தேன். பஸ் வந்தபோது பாண் சூடாக இருந்தது. கொண்டக்டர் தாமதத்துக்குத் திட்டிக்கொண்டே ஏற்றினான். நானும் அதே பஸ்ஸில் ஏறினேன்.

குவாட்டர்ஸுக்கு வந்தபோது இருட்டிவிட்டது. எஸ்தர் என் முகத்தைப் பார்த்துவிட்டு உள்ளே போனாள். சோற்றைப் போட்டு முன்னால் வைத்த பிறகுதான் கேட்டாள்.

"கேட்டீங்களா?"

"இல்ல."

"கேக்க மாட்டீங்கன்னு தெரியும்." குழம்பை ஊற்றினாள். "நானா இருந்தாலும் கேட்டிருக்க மாட்டேன். ஆனா ஒங்கள அனுப்பிப் பாக்கணும்ல?"

சாப்பிட்டு முடித்துக் கை கழுவும்போது சொன்னாள், நாளைக்கே ஹட்டனுக்குப் போய் வாடகைக்கு இரண்டு அறை இருக்கிறதா என்று விசாரிக்கும்படி.

"வீட்டுக்காரன் எதுலயாச்சும் கையெழுத்து கேட்டா போட்டுறாதீங்க. இங்க கொண்டாங்க. யாரையாச்சும் வச்சு வாசிச்சு, நான் கேட்டுட்டுப் போடுறேன்."

இப்போது நாங்கள் இருக்கிற வீடு ஒரு தையல் கடைக்குப் பின்னால் இருக்கிறது. வாடகைச் சீட்டை அவள் இரண்டு பேரை வைத்துத் தனித்தனியாக வாசிக்கச் சொல்லிக் கேட்டாள். இரண்டு பேர் வாசித்ததும் ஒன்றுதானா என்று ஒத்துப் பார்த்தாள். அதற்கு ஒன்பது நாள் ஆனது. வீட்டுக்காரர் பொறுமையிழந்துவிட்டார். சீட்டில் இருப்பது எஸ்தரின் கையெழுத்து.